கிராம உதவியாளர் நியமனத்தை எதிர்த்து வழக்குப் போட்டால் நிற்குமா?

பின்னால் வந்து படிப்பவர்களுக்காகக் கேள்வியைச் சுருக்கிச் சொல்லிவிடுகிறேன். டெல்டாவில் ஒரு கிராமம். ஊர்ப் பெயரைச் சொல்ல அவருக்கு விருப்பமில்லை, அது நல்லதுதான். அங்கே கிராம உதவியாளர் வேலைக்கு ஆள் எடுத்திருக்கிறார்கள். கேள்வி கேட்டவரின் தம்பி எழுத்துத் திறன் தேர்வு, நேர்காணல் எல்லாம் போய் வந்திருக்கிறார். கடைசியில் ஆர்டர் வாங்கியது வாய்க்காலுக்கு அக்கரை ஊர்க்காரர். "கோ வாரண்டோ போட்டால் அந்த ஆளைத் தூக்கிவிட்டுத் தம்பிக்கு அந்த வேலையை வாங்கலாம் என்கிறார்கள், அதை நானே பொதுநல வழக்காகப் போடலாமா?" இதுதான் கேள்வி.

இதற்குள் மூன்று கேள்விகள் இருக்கின்றன. உட்கார்ந்திருப்பவரை எழுப்ப முடியுமா, அந்த இடத்தில் தம்பியை உட்கார வைக்க முடியுமா, இரண்டையும் அண்ணன் போய்க் கேட்க முடியுமா. மூன்றுக்கும் பதில் வேறு வேறு. யாரோ டீக்கடையில் மூன்றையும் ஒரே மூட்டையாகக் கட்டி உங்களிடம் கொடுத்திருக்கிறார்கள். நான் கும்பகோணத்தில் இருபது வருஷத்துக்கு மேலாக வக்கீல், வேலை சம்பந்தமான ரிட் வழக்குகள்தான் (அரசு உத்தரவை எதிர்த்து நேரே உயர் நீதிமன்றத்தில் போடுபவை) அதிகம், பாதி வாழ்க்கை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போகிற பஸ்ஸில் போய்விட்டது. உங்கள் காகிதம் எதையும் நான் பார்க்கவில்லை. அதனால் சட்டம் எங்கே உறுதியாக நிற்கிறது, எங்கே வழுக்கும் என்பதைத்தான் சொல்ல முடியும். ஜெயிப்பீர்களா என்று என்னைக் கேட்காதீர்கள்.

முதலில் கோ வாரண்டோ. தமிழில் தகுதி வினவும் நீதிப்பேராணை என்பார்கள். லத்தீனில் 'எந்த அதிகாரத்தில்' என்று பொருள். அந்தக் காலத்து இங்கிலாந்து ராஜா, அங்கங்கே அதிகாரம் செலுத்திக்கொண்டிருந்த பிரபுக்களைப் பார்த்து 'உனக்கு இந்த உரிமையை யார் கொடுத்தது, காட்டு' என்று கேட்டதில் தொடங்கிய சமாச்சாரம். இங்கே அரசியலமைப்பின் 226-ஆம் பிரிவில் உயர் நீதிமன்றத்துக்கு இந்த அதிகாரம் இருக்கிறது. எப்போது இது கிடைக்கும் என்பதை உச்ச நீதிமன்றம் 1963-இல் மைசூர் பல்கலைக்கழக வழக்கில் சொன்னது, இன்றைக்கும் எல்லோரும் அதிலிருந்துதான் ஆரம்பிக்கிறோம். அங்கே ஆங்கிலத் துறையில் ரீடர் (பேராசிரியருக்கு அடுத்த நிலை ஆசிரியர்) பதவிக்கு ஒருவரை எடுத்ததை கோவிந்த ராவ் என்பவர் எதிர்த்தார். கீழே உயர் நீதிமன்றம் நியமனத்தை ரத்து செய்தது, மேலே உச்ச நீதிமன்றம் அதை மாற்றிவிட்டது. அது சொன்னதன் சாரம்: பதவி பொதுப் பதவியாக இருக்க வேண்டும், அதில் இருப்பவர் சட்டப்படி உரிமையில்லாமல் இருக்க வேண்டும். யார் கெட்டிக்காரர் என்று நிபுணர் குழு எடுத்த முடிவுக்குள் நீதிமன்றம் லேசில் கைவைக்காது.

இதில் எல்லோரும் சறுக்குகிற இடம் ஒன்று உண்டு. தகுதி என்று நாம் பேச்சில் சொல்வது நீதிமன்றத்தில் இரண்டாகப் பிரியும். விதியில் போட்டிருக்கும் தகுதி ஒன்று: வயது, படிப்பு, அனுபவம், இந்தக் குற்றத்தில் தண்டனை பெற்றிருக்கக் கூடாது என்பது மாதிரி. இந்த ஆள் இந்த வேலைக்கு லாயக்கா என்பது இன்னொன்று. முதலாவதை நீதிமன்றம் தாராளமாகப் பார்க்கும், இரண்டாவதைப் பெரும்பாலும் பார்க்காது. நம் மாநிலத்திலேயே பெரிய உதாரணம் 2001. டான்சி என்கிற அரசு நிறுவனத்தின் நிலத்தை வாங்கிய வழக்கில் மூன்று வருஷத் தண்டனை இருந்ததால் ஜெயலலிதாவின் வேட்புமனுக்கள் தேர்தலில் நிராகரிக்கப்பட்டன. கட்சி ஜெயித்தது, மே 14 அன்று முதல்வராகப் பதவியேற்றார். செப்டம்பர் 21 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அந்த நியமனம் செல்லாது என்றார்கள். மக்கள் ஓட்டுப் போட்டு ஆட்சியைக் கொடுத்துவிட்டார்களே என்ற வாதம் எடுபடவில்லை, ஏனென்றால் அங்கே இருந்தது சட்டத்தில் எழுதியிருக்கிற தகுதியிழப்பு. (பிறகு மேல்முறையீட்டில் விடுதலையாகி, ஆண்டிப்பட்டியில் ஜெயித்து 2002-இல் திரும்ப வந்தார், அது வேறு கதை.) இதற்கு நேரெதிர் உதாரணம் 2023 பிப்ரவரி 7. விக்டோரியா கௌரி சென்னை உயர் நீதிமன்றத்தில் கூடுதல் நீதிபதியாகப் பதவியேற்றுக்கொண்டிருந்த அதே காலைப் பொழுதில், அதை எதிர்த்த மனுவை உச்ச நீதிமன்றம் விசாரித்துத் தள்ளுபடி செய்தது. அவரது முந்தைய பேச்சுகளையும் கட்சித் தொடர்பையும் மனுதாரர்கள் காட்டினார்கள். அதெல்லாம் பொருத்தம் சம்பந்தப்பட்டது, நீதிபதியாவதற்கான சட்டத் தகுதி அவருக்கு இருக்கிறது, பொருத்தத்துக்குள் நாங்கள் போகமாட்டோம் என்பதுதான் பதில். முடிவு பிடிக்கிறதா இல்லையா என்பதை விடுங்கள், கோடு எங்கே போட்டிருக்கிறது என்று பாருங்கள்.

அந்தக் கோடும் சில சமயம் நகரும் என்பதற்கு மதுரை காமராசர் பல்கலைக்கழகத் துணைவேந்தர் நாற்காலி போதும். கல்யாணி மதிவாணன் நியமனத்தை 2014-இல் உயர் நீதிமன்றம் ரத்து செய்தது, பத்து வருஷம் பேராசிரியராக இருந்திருக்க வேண்டும் என்ற பல்கலைக்கழக மானியக் குழு (யுஜிசி) நிபந்தனையைக் காட்டி. 2015-இல் உச்ச நீதிமன்றம், அந்த விதிமுறையைத் தமிழ்நாடு ஏற்கவில்லையே, அப்புறம் எப்படி அது இங்கே கட்டாயமாகும் என்று நியமனத்தைத் திரும்பக் கொடுத்தது. அதே நாற்காலிக்கு அடுத்து வந்த செல்லத்துரையின் நியமனம் 2018-இல் போயிற்று, தேர்வு நடந்த விதமே சரியில்லை என்று. பிறகு 2022-இல் குஜராத்திலிருந்து போன வழக்கில், துணைவேந்தர் நியமனத்துக்கு யுஜிசி விதி கட்டாயம்தான் என்று உச்ச நீதிமன்றமே சொன்னது. ஆக, எந்த விதி எந்தப் பதவிக்குப் பொருந்தும் என்பதிலேயே பாதி வழக்கு முடிந்துவிடும். உங்கள் விஷயத்திலும் அப்படித்தான், அதற்கு வருகிறேன்.

கிராம உதவியாளர் வேலை கோ வாரண்டோ போடுகிற அளவுக்குப் 'பொதுப் பதவி'யா? இங்கே என்னால் அடித்துச் சொல்ல முடியவில்லை. முதலமைச்சர், தேர்வாணைய உறுப்பினர், துணைவேந்தர், சட்டப்படி நியமிக்கப்படும் வாரியத் தலைவர் இவர்களைப் பற்றிச் சந்தேகமே இல்லை. கீழ்நிலை அரசு ஊழியர் என்று வரும்போது, இது அதிகாரம் செலுத்தும் பதவியா அல்லது மேலே இருப்பவர் சொன்னதைச் செய்கிற வேலையா என்று, வழக்கை விசாரணைக்கு எடுப்பதா என்று பார்க்கும் அட்மிஷன் கட்டத்திலேயே கேட்பார்கள். கிராம உதவியாளர் ஊரில் முக்கியமானவர் என்பது நமக்குத் தெரியும். எந்த நிலத்தில் என்ன பயிர் என்று காட்டும் அடங்கல் வாங்கப் போனால் முதலில் தேடுவது அவரைத்தான், அடங்கல் இல்லாமல் பயிர்க் காப்பீடும் கிடையாது, கொள்முதல் நிலையத்தில் நெல்லைப் போடுவதும் தகராறு. ஆனாலும் அடங்கலில் கையெழுத்துப் போடுவது கிராம நிர்வாக அலுவலரான விஏஓ, இவர் இல்லை. நானாக இருந்தால் கோ வாரண்டோவைத் தொடமாட்டேன். சென்னை உயர் நீதிமன்றத்தில் நாங்கள் 'சர்ஷியோரரிஃபைட் மாண்டமஸ்' என்று ஒன்று போடுவோம், இந்த வார்த்தையை வெளி மாநில வக்கீல்கள் கேட்டால் சிரிப்பார்கள். பதிவேடுகளை வரவழைத்து உத்தரவை ரத்து செய், அதோடு இன்னதைச் செய் என்றும் கட்டளையிடு என்று இரண்டையும் சேர்த்துக் கேட்பது. நேர்காணலுக்குப் போய்த் தோற்றவருக்கு அதுதான் வழி.

அந்த வழியில் போகக்கூடியவர் உங்கள் தம்பி மட்டும்தான். பொதுநல வழக்கை மறந்துவிடுங்கள். அரசுப் பணி விவகாரத்தில் மூன்றாம் மனிதர் பொதுநல வழக்குப் போட முடியாது என்பதில் சட்டம் தெளிவாக இருக்கிறது. துரியோதன் சாகு வழக்கில் 1998-இல் சொன்னார்கள், 2010-இல் ஜார்க்கண்ட் மின் வாரியத் தலைவர் வழக்கில் திரும்பவும் சொன்னார்கள், கோ வாரண்டோ ஒன்றுதான் விதிவிலக்கு என்று. கோ வாரண்டோவை யார் வேண்டுமானாலும் போடலாம் என்பது உண்மை. உங்களிடம் சொன்னவர் அந்தப் பாதியை மட்டும் சொல்லியிருக்கிறார். அதில் ஜெயித்தால் நாற்காலி காலியாகும், அவ்வளவுதான், அதில் யாரை உட்கார வைப்பது என்பது அந்த வழக்கிலேயே வராது. தவிர, தம்பி போட்டியிட்டுத் தோற்ற வேலைக்கு அண்ணன் 'பொதுநலம்' என்று வந்து நின்றால் நீதிபதி முதல் கேள்வியிலேயே அதைப் பிடித்துவிடுவார், செலவுத் தொகை கட்டச் சொல்லி அனுப்பினாலும் ஆச்சரியமில்லை.

சரி, இப்போது உங்கள் கோபத்தின் மையத்துக்கு வருவோம்: 'வெளியூர்க்காரனுக்கு எப்படிக் கொடுக்கலாம்.' இதைத்தான் நீங்கள் பலமான வாதம் என்று நினைக்கிறீர்கள். என் கணக்கில் இருப்பதிலேயே பலவீனமானது இதுதான்.

கொஞ்சம் பழைய கதை சொல்ல வேண்டும். கர்ணம் (ஊர்க் கணக்கர்), மணியம் (ஊர்த் தலைவர்), தலையாரி (ஊர்க் காவல்), வெட்டி (ஊர் எடுபிடி வேலை) எல்லாம் நம் பக்கத்தில் வீட்டோடு வந்த வேலைகள். அப்பன் போனால் பிள்ளை. 1895-இல் போட்ட மதராஸ் சட்டமே அதற்கு இருந்தது. ஆந்திராவில் ஒரு கிராம முன்சீப் (நம் மணியம் மாதிரி) வேலைக்கு, முன்னால் இருந்தவரின் வாரிசு என்பதற்காக ஒருவரை எடுத்தார்கள். போட்டியில் இருந்த தசரத ராம ராவ் நேரே உச்ச நீதிமன்றம் போனார். 1960 டிசம்பரில் அரசியல் சாசன அமர்வு, கிராம முன்சீப் வேலையும் அரசின் கீழ் உள்ள பதவிதான், வம்சாவழியைக் காட்டி ஒருவரை ஒதுக்குவது அரசு வேலையில் சம வாய்ப்புத் தரும் அரசியலமைப்பின் 16-ஆம் பிரிவுக்கு விரோதம் என்று தீர்ப்புச் சொன்னது. தமிழ்நாட்டில் 1980 நவம்பர் 14 அன்று எம்ஜிஆர் அரசு அவசரச் சட்டம் போட்டுக் கர்ணம், மணியத்தை ஒரே நாளில் வீட்டுக்கு அனுப்பியது, விஏஓ வந்தார். அவர்கள் உச்ச நீதிமன்றம் வரை போனார்கள், 1982-இல் ராஜேந்திரன் வழக்கில் அரசு செய்தது சரி என்று முடிந்தது. எங்கள் தெருவில் ஒரு பழைய கர்ணம் சாகும்வரை 'என் வேலையைப் பிடுங்கிவிட்டான்' என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தார். வேலை ஊருக்குச் சொந்தம், ஊர்க்காரனுக்குத்தான் வர வேண்டும் என்கிற நினைப்பு நம்மிடம் இன்னும் போகவில்லை. தலையாரியும் வெட்டியும் கிராம உதவியாளர் ஆன பிறகும் அந்த நினைப்பு கூடவே வந்துவிட்டது.

ஆனால் எதைக் காட்டி ஒருவரை ஒதுக்கக் கூடாது என்று சொல்லும் 16(2) வம்சத்தோடு நிற்கவில்லை, பிறந்த இடம், குடியிருக்கும் இடம் இரண்டையும் சேர்த்துச் சொல்கிறது. குடியிருப்பை நிபந்தனையாக வைக்க 16(3) நாடாளுமன்றத்துக்குத்தான் அதிகாரம் கொடுக்கிறது. ராஜஸ்தானில் ஆசிரியர் தேர்வில் அந்தந்த மாவட்டத்தில் குடியிருப்பவர்களுக்கும் கிராமப்புறத்தாருக்கும் போனஸ் மதிப்பெண் கொடுத்தார்கள், 2002-இல் கைலாஷ் சந்த் சர்மா வழக்கில் உச்ச நீதிமன்றம் அதைச் செல்லாது என்றது. 'வெளியூர்க்காரன்' என்ற ஒற்றை வாதத்தோடு போனால் எதிர்த்தரப்பு வக்கீல் இதைத்தான் எடுத்துப் படிப்பார். மறுபக்கமும் இருக்கிறது. கிராம உதவியாளர் தேர்வு அறிவிக்கையில் குடியிருப்பு பற்றிய நிபந்தனை போடுவது வழக்கம், அதற்கு நியாயமும் உண்டு. ஐப்பசி, கார்த்திகையில் நடுராத்திரி கரை உடைந்தால் மணல் மூட்டையோடு முதலில் ஓட வேண்டியவர் அவர், முப்பது கிலோமீட்டர் தள்ளி இருந்தால் என்ன பிரயோசனம். யாரும் விதியை எதிர்க்காதவரை விதி விதிதான், போட்ட நிபந்தனையை மீறி ஆள் எடுத்தால் அது தப்புதான். அதனால் நீங்கள் பார்க்க வேண்டியது அறிவிக்கையில் உள்ள வார்த்தையை. 'அந்தக் கிராமம்' என்று இருக்கிறதா, 'அந்த வட்டம்' என்று இருக்கிறதா? வட்டம் என்றால் அக்கரை ஊர்க்காரர் உள்ளூர்க்காரர்தான், உங்கள் வழக்கு அங்கேயே முடிந்தது. கிராமம் என்று இருந்தால் அவர் என்ன இருப்பிடச் சான்று கொடுத்தார், குடும்ப அட்டையை எப்போது மாற்றினார் என்று பார்க்கலாம். மாமனார் வீட்டு விலாசத்தில் கார்டை மாற்றிக்கொண்டு வந்து நிற்பதை நான் ஒன்றுக்கு மேல் பார்த்திருக்கிறேன். சான்று கையில் இருக்கும்போது அது பொய் என்று ரிட் வழக்கில் நிரூபிப்பது கஷ்டம். அங்கே சாட்சி விசாரணை கிடையாது, அஃபிடவிட்டும் (பிரமாணப் பத்திரம்) பதிவேடும்தான்.

நடைமுறையில் கோளாறு இருந்தால் அது வேறு, அங்கே கால் ஊன்றலாம். 2016-இல் தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையத்துக்கு ஒரே மூச்சில் 11 உறுப்பினர்களைப் போட்டார்கள், அதே வருஷம் டிசம்பரில் உயர் நீதிமன்றம் எல்லாவற்றையும் ரத்து செய்தது. முறையாக ஆராய்ந்து, பேர்களை ஒப்பிட்டுப் பார்த்து எடுத்ததற்கான அடையாளமே இல்லை என்பது முக்கியக் காரணம். 2011-இல் மத்திய ஊழல் கண்காணிப்பு ஆணையர் தாமஸ் நியமனம் போனதும் ஏறக்குறைய இதே போலத்தான், அவர் மேல் நிலுவையில் இருந்த வழக்கைத் தேர்வுக் குழு கணக்கில் எடுக்கவே இல்லை. பெரிய பதவிக்குச் சொன்ன இந்த நியாயம் சின்ன வேலைக்கும் பொருந்தும், இன்னும் எளிதாகவே பொருந்தும், ஏனென்றால் சின்ன வேலைக்கு விதிகள் கறாராக எழுதப்பட்டிருக்கும். உங்கள் விஷயத்தில் நான் முதலில் பார்ப்பது இனச்சுழற்சி, அதாவது ஒவ்வொரு காலியிடமும் எந்த இடஒதுக்கீட்டுப் பிரிவுக்கு என்று முறைவைத்துச் சொல்கிற வரிசை; அந்த முறையைத்தான் டர்ன் என்பது. காலியிடம் எந்த டர்னில் விழுந்தது, ஆர்டர் வாங்கியவர் அந்தப் பிரிவைச் சேர்ந்தவரா, உங்கள் தம்பி அந்தப் பிரிவில் வருகிறாரா? பல குடும்பங்கள் இதைப் பார்க்காமலே என்னிடம் வருகின்றன, டர்ன் வேறு பிரிவுக்கு என்றால் தம்பிக்கு அந்த இடத்தில் பேச்சே இல்லை. அடுத்து, விண்ணப்பக் கடைசி நாளன்று அவருக்குத் தகுதி இருந்ததா. அன்றைக்கு இல்லாமல் நேர்காணலுக்குள் வாங்கிக்கொண்டது கணக்கில் வராது. அடுத்து, மதிப்பெண் பங்கீடு. அறிவிக்கையில் ஒன்று சொல்லிவிட்டு நடுவில் நேர்காணல் மதிப்பெண்ணைக் கூட்டினார்களா? ஆட்டம் தொடங்கிய பிறகு விதியை மாற்றக் கூடாது என்பதை 2024 நவம்பரில் ஐந்து நீதிபதிகள் அமர்வு உறுதி செய்திருக்கிறது. சாதிச் சான்றே போலி என்றால் அதற்கு விழிப்புக் குழு, ஆய்வுக் குழு என்று தனி வழி இருக்கிறது, அதை இதில் குழப்ப வேண்டாம்.

இதெல்லாம் வாய்ப்பேச்சில் தெரியாது. தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் பத்து ரூபாய்க்குக் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி, தாலுகா ஆபிஸ் பொதுத் தகவல் அலுவலருக்கு எழுதுங்கள். தம்பி பேரில் எழுதுங்கள். அறிவிக்கை நகல், இனச்சுழற்சிப் பதிவேட்டின் சம்பந்தப்பட்ட பக்கம், தேர்வில் கலந்துகொண்டவர்களின் மதிப்பெண் பட்டியல், தேர்வுக் குழுவில் யார் யார், நியமன உத்தரவு நகல். 'ஏன் என் தம்பிக்குக் கொடுக்கவில்லை' என்று கேட்காதீர்கள். ஏன் என்பதற்கு இந்தச் சட்டத்தில் பதில் வராது, இருக்கிற காகிதத்தைத்தான் கேட்க முடியும். முப்பது நாளில் பதில் வர வேண்டும். அடுத்தவர் சொந்த விவரம் என்று சிலதை மறுப்பார்கள், முதல் மேல்முறையீடு செய்யுங்கள். கூடவே திங்கட்கிழமை குறைதீர்க்கும் நாளில் கலெக்டரிடம் ஒரு மனு கொடுத்து ரசீது வாங்கி வையுங்கள்.

இந்த மனு பற்றி ஒரு எச்சரிக்கை. 'என் மனுவைப் பரிசீலிக்க உத்தரவிடுங்கள்' என்று மட்டும் கேட்டு ஒரு ரிட் போட்டால் சுலபமாக உத்தரவு கிடைக்கும், எட்டு வாரம், பன்னிரண்டு வாரம் என்று கெடு போட்டு முடித்துவிடுவார்கள். வீட்டில் ஸ்வீட் வாங்குவீர்கள். பன்னிரண்டாவது வாரம் 'பரிசீலித்தோம், நிராகரிக்கிறோம்' என்று ஒரு பக்கக் கடிதம் வரும், அதை எதிர்த்து மறுபடி முதலிலிருந்து. இப்படிப்பட்ட வழக்கை 'ஜெயித்துக் கொடுத்தேன்' என்று ஃபீஸ் வாங்குகிறவர்கள் எங்கள் தொழிலில் உண்டு. காகிதம் கையில் வந்துவிட்டால் நேராக நியமன உத்தரவையே எதிர்ப்பதுதான் உத்தமம்.

அதில் ஜெயித்தால்? நியமனம் ரத்தாகும், மறுபடி தேர்வு நடத்து என்று உத்தரவு வரும். தம்பிக்கு வேலை கொடு என்று நேரடியாக வருவது அபூர்வம். பட்டியலில் அவர்தான் அடுத்த இடம், அதே டர்ன், மற்றவர் தகுதியே இல்லாதவர் என்று எல்லாம் சேர்ந்தால் கேட்டுப் பார்க்கலாம். தேர்வுப் பட்டியலில் பேர் வந்துவிட்டாலே வேலை கிடைத்தாக வேண்டும் என்ற உரிமை கிடையாது என்று 1991-இல் சங்கர்சன் தாஸ் வழக்கில் ஐந்து நீதிபதிகள் சொல்லியிருக்கிறார்கள், அப்படியிருக்கப் பட்டியலில் பேர் வராதவர் நிலை என்ன என்று யோசியுங்கள். எனக்கே நடந்தது. ஊர் பேர் வேண்டாம். ஒரு சின்ன வேலைக்கான நியமனத்தை மூன்றரை வருஷம் நடத்தி ரத்து செய்ய வைத்தோம், இனச்சுழற்சி தப்பு, அப்பட்டமான கேஸ். மறுபடி அறிவிக்கை போட்டார்கள். என் கட்சிக்காரர் அதற்குள் வயது வரம்பைத் தாண்டிவிட்டார். வேலை வாங்கியது இந்த வழக்கைப் பற்றிக் கேள்விப்பட்டே இராத ஒரு பெண். என் கட்சிக்காரர் ஃபீஸ் பாக்கி இன்னும் தரவில்லை, நானும் கேட்கவில்லை.

தாமதம் பற்றி. ரிட்டுக்கு இத்தனை நாள் என்று காலவரம்பு இல்லை, ஆனால் தூங்கிவிட்டு வந்தால் கதவைச் சாத்துவார்கள். கோ வாரண்டோவில் தாமதத்தை அவ்வளவு பெரிதாக எடுப்பதில்லை, உரிமையில்லாமல் உட்கார்ந்திருப்பது ஒவ்வொரு நாளும் நடக்கும் தப்பு என்பதால். தம்பி போடும் வழக்கில் அந்தச் சலுகை கிடையாது, ஒரு வருஷம் கழித்துப் போனால் பதில் சொல்ல முடியாது. இன்னொரு சிக்கல்: நேர்காணல் நடந்த முறை தெரிந்தே வாயை மூடிக்கொண்டு கலந்துகொண்டுவிட்டு, தோற்ற பிறகு முறை சரியில்லை என்றால், 1995-இல் மதன் லால் வழக்கு வந்து குறுக்கே நிற்கும். அன்றைக்கே தெரியாத கோளாறு, பதிவேட்டைப் பார்த்த பிறகுதான் தெரிந்தது என்றால் தப்பிக்கலாம். ஆர்டர் வாங்கியவரைக் கட்டாயம் எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும், அவரை விட்டுவிட்டு வட்டாட்சியரை மட்டும் போட்டால் வழக்கு நிற்காது. அவரும் ஏதோ ஒரு வீட்டுப் பிள்ளை, நாளைக்கும் அதே கடைத்தெருவில் பார்க்க வேண்டியவர் என்பதை மனுவின் வாசகத்திலாவது ஞாபகம் வையுங்கள். நடுவில் அவர் செய்த வேலை எல்லாம் செல்லாமல் போய்விடுமா என்று ஒருவர் கீழே கேட்டிருக்கிறார். போகாது. 2001 தீர்ப்பிலேயே இடைப்பட்ட காலத்து அரசு நடவடிக்கைகளைக் காப்பாற்றித்தான் சொன்னார்கள், நியமனம் தப்பான நீதிபதிகள் கொடுத்த தீர்ப்புகளே செல்லும் என்று 1981-இல் ரங்கராஜு வழக்கில் சொல்லியாயிற்று. இவர் கொண்டுபோய்க் கொடுத்த நோட்டீசுக்கு ஒன்றும் ஆகாது.

'பணம் விளையாடியிருக்கிறது' என்று ஒரு வரி எழுதியிருக்கிறீர்கள். அதை ரிட் மனுவில் போடுவதாக இருந்தால் யார், எப்போது, எவ்வளவு என்று எழுத வேண்டும், குற்றம்சாட்டப்படும் அதிகாரியைப் பேர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். ஊரில் பேசிக்கொள்கிறார்கள் என்பது போதாது, அந்த ஒரு வரியால் உருப்படியான மற்ற வாதங்களும் மதிப்பிழக்கும். ஆதாரம் இருந்தால் லஞ்ச ஒழிப்புத்துறைக்குப் போங்கள். அப்புறம் ஒன்று, கேட்டதற்காக மன்னியுங்கள், உங்கள் பக்கத்திலிருந்து யாரிடமாவது ஏதாவது கொடுத்து வைத்திருக்கிறீர்களா? 2018 திருத்தத்துக்குப் பிறகு கொடுப்பதும் குற்றம். கட்டாயப்படுத்திக் கொடுக்க வைத்தார்கள் என்றால் ஏழு நாளுக்குள் புகார் சொல்லியிருக்க வேண்டும். பதிலை இங்கே எழுதாதீர்கள், வக்கீலிடம் சொல்லுங்கள்.

எங்கே போடுவது என்பதும் ஊரைப் பொறுத்தது. அரசு வேலை வழக்குகளுக்கென்றே இருந்த மாநில நிர்வாகத் தீர்ப்பாயத்தை எப்போதோ மூடிவிட்டார்கள், நேரே உயர் நீதிமன்றம்தான். தஞ்சாவூர், திருச்சி, புதுக்கோட்டை மாவட்டங்கள் என்றால் 2004-இல் திறந்த மதுரைக் கிளை. திருவாரூர், நாகப்பட்டினம், மயிலாடுதுறை என்றால் சென்னை. பாபநாசத்துக்காரர் மதுரைக்குப் போக வேண்டும், பக்கத்துத் தாலுகாவான வலங்கைமான்காரர் சென்னைக்கு. நடுவில் ஓடுவது என்னவோ அதே குடமுருட்டிதான். மாவட்டக் கோடு எங்கே போகிறது என்று பார்க்காமல் மதுரையில் தாக்கல் செய்து, எண் கொடுக்காமல் திருப்பி அனுப்பி, இரண்டு மாதம் வீணானதை என் ஜூனியர் காலத்தில் பார்த்தேன். செய்தது வேறு யாருமில்லை, நான்தான்.

நீங்கள் எழுதாமல் விட்ட மூன்று விவரங்களைச் சொல்லுங்கள். நியமன உத்தரவின் தேதி, அறிவிக்கையில் உங்கள் ஊருக்கு நேரே போட்டிருந்த டர்ன், குடியிருப்பு நிபந்தனையில் இருக்கிற சரியான வார்த்தை. ஆர்டர் கொடுத்து ஆறு மாதம் தாண்டியிருந்தால் என் பதிலுக்குக் காத்திருக்க வேண்டாம், நாளைக்கே தகவல் மனுவைத் தபாலில் போட்டுவிட்டு ஒரு வக்கீலைப் போய்ப் பாருங்கள்.